வழித்துணை என்றொரு பெயர்: வாசகர் கேள்வி – பதில்

பெயர்களின் பொருளும் பிறப்பும் குறித்துக் கேள்விகள் அனுப்புமாறு சென்ற இதழில் கேட்டிருந்தோம். வந்த கடிதங்களில் பெரும்பாலானவை வேலூர், இராணிப்பேட்டை, திருப்பத்தூர், திருவண்ணாமலை மாவட்டங்களிலிருந்து, அதாவது பழைய வட ஆர்க்காட்டிலிருந்து வந்தவை. ஆகவே இம்முறை அப்பகுதி வாசகர்களின் கேள்விகளுக்கே இடம் தந்திருக்கிறோம்.

கேள்வி: எங்களுக்கு ஆண் குழந்தை பிறந்திருக்கிறது. என் தந்தையாரின் பெயர் மார்க்கபந்து. அதையே பேரனுக்கு வைக்க விரும்புகிறேன். மனைவி வீட்டாரோ, "இந்தக் காலத்தில் யார் இப்படிப் பெயர் வைக்கிறார்கள்? அதிலும் தாத்தா உயிரோடு இருக்கும்போது வைக்கலாமா?" என்று தயங்குகிறார்கள். இப்பெயரின் பொருள் என்ன? வேறு நாடுகளில் இதுபோன்ற பெயர் உண்டா?
– காட்பாடி வாசகர்

பதில்: மார்க்கம் என்றால் வழி, பந்து என்றால் உறவினர். வழியில் உறவாக உடன் வருபவர் என்பது பொருள். வேலூருக்கு மேற்கே, பாலாற்றங்கரையில் உள்ள விரிஞ்சிபுரத்தில் கோயில் கொண்டிருக்கும் சிவபெருமானின் பெயர் அது. தமிழில் வழித்துணைநாதர் என்றும், வடமொழியில் மார்க்கபந்து, மார்க்கசகாயர் என்றும் அவரை வழங்குகிறோம். மிளகு மூட்டைகளோடு காஞ்சிபுரத்துக்குப் புறப்பட்ட வணிகர் ஒருவர் கள்வர் பயத்தால் இத்தலத்து இறைவனிடம் முறையிட, அவரே மனித உருவில் கூடச் சென்று காத்தார் என்பது தலவரலாறு. மைசூர்ப் பக்கத்திலிருந்து காஞ்சிக்கும் கடற்கரைக்கும் சரக்கு இறங்கிய வழி பாலாற்றுப் பள்ளத்தாக்கு என்பதையும், இன்றும் சென்னை – பெங்களூரு நெடுஞ்சாலை அந்தப் பக்கமாகவே போகிறது என்பதையும் எண்ணிப் பார்த்தால், அவ்வூர் இறைவனுக்கு அப்படி ஒரு பெயர் அமைந்ததன் நியாயம் நன்றாகவே விளங்கும். ஆரணிக்கு அருகே அடையபலத்தில் பிறந்த 16ஆம் நூற்றாண்டுப் பேரறிஞர் அப்பய்ய தீட்சிதர் இப்பெருமான் மீது பாடிய மார்க்கபந்து தோத்திரத்தைச் சொல்லிவிட்டு வெளியூர் புறப்படும் வழக்கம் பல குடும்பங்களில் இன்றும் இருக்கிறது.

ஒருவரின் பெயரைக் கேட்ட மாத்திரத்தில் அவர் எந்தச் சீமைக்காரர் என்று சொல்லிவிடக்கூடிய பெயர்கள் தமிழில் சில உண்டு. நெல்லையப்பன் என்றால் திருநெல்வேலி, தாயுமானவன் என்றால் திருச்சிராப்பள்ளி, ஏகாம்பரம் என்றால் காஞ்சிபுரம். மார்க்கபந்து என்றால் வேலூர். அக்கோயிலின் அம்மை மரகதாம்பிகை. தங்கள் பக்கத்தில் மரகதம் என்ற பெயருள்ள மூதாட்டிகள் பலர் இருப்பார்கள். அவர்களில் பலருக்கு அந்த அம்மையின் நினைவாகவே பெயர் வைத்திருப்பார்கள். ஸ்பானிய மொழியில் எஸ்மெரால்டா என்று பெண்களுக்கு வைக்கும் பெயருக்கும் மரகதம் என்றுதான் பொருள். கிரேக்கத்தின் 'ஸ்மராக்டோஸ்', வடமொழியின் 'மரகதம்' இரண்டும் ஒன்றுக்கொன்று உறவுடைய சொற்கள்.

வேறு நாட்டு ஒப்புமை கேட்டிருந்தீர்கள். ஐரோப்பாவில் கிறிஸ்டோபர் என்ற பெயரை அதற்குச் சொல்லலாம். 'கிறிஸ்துவைச் சுமந்தவர்' என்பது அதன் பொருள். ஆற்றைக் கடக்க வந்த ஒரு சிறுவனைத் தோளில் தூக்கிச் சென்றவர் என்றும், அச்சிறுவன் இயேசுவே என்றும் மரபுக்கதை கூறுகிறது. அதனால் அவர் பயணிகளின் பாதுகாவலராகக் கொண்டாடப்படுகிறார். வண்டி ஓட்டுபவர்கள் அவர் உருவம் பொறித்த பதக்கத்தை வண்டியில் மாட்டிவைக்கிறார்கள். ஆற்றங்கரையும் அச்சமும் வழித்துணையும் அங்கும் ஒரு பெயருக்குள் வந்து சேர்ந்திருக்கின்றன.

தாத்தா உயிருடன் இருக்கும்போது அவர் பெயரை வைப்பதில் தவறில்லை. பேரன் என்ற சொல்லே பெயரன் என்பதன் மரூஉ. பாட்டனின் பெயரைத் தாங்குபவன் என்று பொருள். கிரேக்கர்கள் மூத்த மகனுக்குத் தந்தைவழிப் பாட்டனின் பெயரை இடுவதை இன்றும் போற்றுகிறார்கள். யூதர்களிடையே இதில் இரண்டு வழக்கங்கள் உள்ளன. ஐரோப்பாவின் அஷ்கெனாசி யூதர்கள் உயிருடன் இருப்பவரின் பெயரை வைப்பதைத் தவிர்ப்பார்கள்; ஸ்பெயின் வழிவந்த செபார்டி யூதர்கள் பாட்டன் கண்முன்னே அவர் பெயரை வைத்து மகிழ்வார்கள். நம் வீடுகளிலும் ஒரு சங்கடம் இருந்தது. மாமனாரின் பெயரை மருமகள் வாயால் சொல்லக்கூடாது என்பதால், அதே பெயருள்ள பிள்ளையைத் தாய் வேறு பெயரால் அழைத்தாள். அப்படித்தான் ஒரே பிள்ளைக்கு வீட்டில் ஒன்றும் ஏட்டில் ஒன்றுமாக இரண்டு பெயர்கள் வந்தன. வேலத்தைச் சேர்ந்த குடும்பத்தில் 1912இல் பிறந்த மு.வ. அவர்களுக்கு இட்ட பெயர் திருவேங்கடம். ஆனால் தாத்தாவின் பெயரான வரதராசன் என்பதே நிலைத்து, தமிழுலகம் முழுவதும் அறிந்த பெயராயிற்று. தாங்களும் சான்றிதழில் மார்க்கபந்து என்று எழுதி, வீட்டில் அழைக்கும் பெயரைத் தங்கள் மனைவியாரின் விருப்பத்துக்கு விடலாம். பெற்றவர் அவர் என்பதால், அவருடைய சம்மதம் இல்லாமல் எந்தப் பெயரையும் எழுதிவிட வேண்டாம் என்பது என் வேண்டுகோள்.

கேள்வி: என் பாட்டியின் பெயர் குப்பம்மாள், அவருடைய தம்பியின் பெயர் பிச்சை. தோழிகளிடம் பாட்டியின் பெயரைச் சொல்லக் கூச்சமாக இருக்கிறது. பெற்ற பிள்ளைகளுக்கு ஏன் இப்படிப் பெயரிட்டார்கள்?
– குடியாத்தம், கல்லூரி மாணவி

பதில்: தங்கள் பாட்டிக்கு முன்னால் பிறந்த குழந்தைகள் எத்தனை தக்கின என்று வீட்டில் கேட்டுப் பாருங்கள். பெரும்பாலும் அந்தக் கணக்கில்தான் இப்பெயரின் காரணம் இருக்கும்.

அம்மையும் பேதியும் ஜன்னியும் வீட்டுக்கு வீடு பிள்ளைகளை வாரிக்கொண்டு போன காலம் அது. இரண்டு மூன்று பிள்ளைகளைப் பறிகொடுத்த பிறகு ஒன்று பிறந்தால், அதைப் பிறந்தவுடன் முறத்தில் கிடத்திக் குப்பைமேட்டில் கொண்டுபோய் வைத்துவிடுவார்கள். அண்டை வீட்டுப் பெண்ணோ அத்தையோ அதை எடுத்து வந்து, "குப்பையில் ஒரு பிள்ளை கிடந்தது, வேண்டுமா?" என்று வாசலில் நின்று கேட்பாள். தாய் கொஞ்சம் தவிட்டைக் கொடுத்துத் தன் பிள்ளையைத் தானே விலைக்கு வாங்கிக்கொள்வாள். 'உன்னைத் தவிட்டுக்குத்தான் வாங்கினோம்' என்று இன்றும் பிள்ளைகளைச் சீண்டுகிறோமே, அந்தப் பேச்சு இந்தச் சடங்கிலிருந்து வந்ததே. விலை மதிப்பற்ற பொருள் என்று நினைத்து எமன் திரும்பிப் பார்க்காமல் போய்விடுவான் என்பது நம்பிக்கை. குப்பன், குப்பம்மாள், குப்புசாமி, மண்ணாங்கட்டி ஆகிய பெயர்கள் அவ்வாறு வந்தவை. பிச்சை என்பது யாசித்துப் பெற்ற பிள்ளை. மூக்கைக் குத்தி விட்ட ஆண்பிள்ளை மூக்கன் ஆனான்.

தங்கள் ஊரிலிருந்து எல்லை தாண்டிச் சித்தூர்ப் பக்கம் போனால் தெலுங்கில் பெண்டய்யா, பெண்டம்மா என்ற பெயர்களைக் கேட்கலாம். பெண்ட என்றால் குப்பை, சாணம். சீனக் கிராமங்களில் 'நாய் மிச்சம் வைத்தது' என்று பொருள்படும் கௌஷெங் என்பது செல்லப்பெயர். மங்கோலியர்கள் இன்னும் ஒரு படி மேலே போய், தீய ஆவிகளை ஏமாற்றுவதற்காகப் பிள்ளைக்கு நெர்குய் என்று பெயர் வைப்பார்கள். 'பெயர் இல்லை' என்பதே அதன் பொருள். ஹுன்பிஷ் என்ற பெயருக்கு 'மனிதன் இல்லை' என்று பொருள். நைஜீரியாவின் யொருபா மக்கள், இறந்த குழந்தையே திரும்பத் திரும்ப வந்து பிறந்து தாயை வருத்துகிறது என்று நம்பினார்கள்; அப்படி வந்த பிள்ளைக்கு மலோமோ, அதாவது 'இனிமேல் போய்விடாதே' என்று பெயரிட்டார்கள். கொசொகோ என்று இன்னொரு பெயர் உண்டு; 'குழி வெட்ட மண்வெட்டி இல்லை' என்பது அதன் பொருள். துருக்கியில் தூர்சுன் என்றால் 'நிலைத்திருக்கட்டும்'.

இந்த நாடுகளில் எதுவும் மற்றொன்றைப் பார்த்து இதைக் கற்றுக்கொள்ளவில்லை. பிள்ளையைப் பறிகொடுத்த தாய்மார்கள் எங்கும் ஒரே விதமாகத்தான் அஞ்சினார்கள். தங்கள் பாட்டியின் பெயரை வைத்தவர்கள் அவர் பிழைத்துக் கிடக்க வேண்டும் என்ற ஒன்றை மட்டுமே வேண்டினார்கள். அவர் பிழைத்ததால்தான் தாங்கள் இருக்கிறீர்கள். தோழிகளிடம் அப்பெயரைத் தாராளமாகச் சொல்லுங்கள். காரணத்தையும் சேர்த்துச் சொல்லுங்கள்.

கேள்வி: என் வகுப்பில் 'வேண்டா' என்ற பெயருள்ள மாணவி படிக்கிறாள். அவளுக்கு மூன்று அக்காள்கள். பெயரைக் கூப்பிடும்போதெல்லாம் எனக்கு மனம் கூசுகிறது. இதுவும் தீய கண் படாமலிருக்க வைத்த பெயரா?
– சோளிங்கர் வட்டாரத்திலிருந்து ஓர் ஆசிரியை

பதில்: இல்லை. மேலே சொன்ன பெயர்களோடு இதைச் சேர்க்கக் கூடாது. குப்பம்மாள் என்று பெயரிட்டவர்கள் பிள்ளை இருக்க வேண்டும் என்று வேண்டினார்கள். வேண்டா, வேண்டாமிர்தம், போதும்பொண்ணு என்று பெயரிட்டவர்கள் அடுத்தது ஆணாகப் பிறக்க வேண்டும் என்று வேண்டினார்கள். திருத்தணி, சோளிங்கர்ப் பக்கத்துச் சில கிராமங்களில் இவ்வழக்கம் இருப்பது செய்தித்தாள்களில் பலமுறை வந்திருக்கிறது. துருக்கியில் யெதெர் என்ற பெண் பெயருக்குப் 'போதும்' என்று பொருள். சீனத்தில் சாவோதி, லாய்தி என்ற பெயர்கள் 'தம்பியை அழைத்து வா', 'தம்பி வரட்டும்' என்று சொல்கின்றன. மகாராட்டிரத்தில் நகுசா, அதாவது 'வேண்டாதவள்' என்ற பெயரோடு வளர்ந்த 280க்கும் மேற்பட்ட சிறுமிகளுக்கு 2011 அக்டோபரில் சதாரா மாவட்டத்தில் ஒரு விழா எடுத்துப் புதிய பெயர்களைச் சூட்டினார்கள்.

தங்களால் செய்யக்கூடியது ஒன்று இருக்கிறது. முதலில் அந்த மாணவியைத் தனியே அழைத்துப் பேசுங்கள். அவளுக்கே பெயரை மாற்ற விருப்பம் இருந்தால், அவளே ஒரு பெயரைத் தேர்ந்தெடுக்கட்டும். பிறகு பெற்றோரிடம் பேசுங்கள். அவர்கள் விண்ணப்பித்துத் தமிழ்நாடு அரசிதழில் பெயர் மாற்றத்தை வெளியிடச் செய்யலாம். எழுதுபொருள் மற்றும் அச்சுத் துறை இதைக் கவனிக்கிறது. பத்தாம் வகுப்புச் சான்றிதழில் பெயர் ஏறுவதற்கு முன் இதைச் செய்துவிட்டால் பிற்காலத்தில் அலைச்சல் பெருமளவு குறையும். ஆண்டு முழுவதும் நாள்தோறும் வருகைப் பதிவின்போது தான் வேண்டாதவள் என்று தன் காதாலேயே கேட்டு 'உள்ளேன்' என்று சொல்லும் நிலை ஒரு குழந்தைக்கு வரக்கூடாது.

கேள்வி: எங்கள் குடும்பத்தில் தலைமுறைக்கு ஒருவருக்காவது தேசிங்கு என்று பெயர் வைக்கிறோம். இது தமிழ்ப் பெயரா?
– இராணிப்பேட்டை வாசகர்

பதில்: தேஜ் சிங் என்ற வடநாட்டுப் பெயர் நம் நாவில் தேசிங்கு ஆயிற்று. தேஜஸ் என்றால் ஒளி. சிங் என்பது சிம்மம். செஞ்சியை ஆண்ட அந்த இளைஞர் புந்தேலா இராஜபுத்திரர். ஆர்க்காட்டு நவாப் சாதத்துல்லா கானுக்குக் கப்பம் கட்ட மறுத்து, சிறு படையோடு எதிர்த்து நின்று 1714இல் போர்க்களத்தில் மாண்டார். அவருடைய மனைவி உடன்கட்டை ஏறினார். வென்ற நவாபே அந்த அரசியின் நினைவைப் போற்றி, ஆர்க்காட்டுக்கு எதிரே பாலாற்றின் வடகரையில் ஓர் ஊரை ஏற்படுத்தினார். தாங்கள் கடிதத்தின் அடியில் எழுதியிருக்கும் ஊரின் பெயர் அவ்வாறு வந்ததுதான்.

ஆட்சி சில மாதங்களே நீடித்தது. கதைப்பாடல் நூற்றாண்டுகளாக நீடித்தது. அதைக் கேட்டு வளர்ந்தவர்கள் தங்கள் பிள்ளைகளுக்குத் தேசிங்கு என்றும் தேசிங்குராஜன் என்றும் பெயர் வைத்தார்கள். தமிழ் அறியாத ஓர் இராஜபுத்திரக் குடும்பத்தின் பெயர், வட ஆர்க்காட்டிலும் தென்னார்க்காட்டிலும் உழவர் வீட்டுப் பிள்ளைகளின் பெயராக நிலைத்திருக்கிறது. இப்போது அதைத் தமிழ்ப் பெயர் என்று சொல்வதற்கு நான் தயங்க மாட்டேன்.

சிங்கத்தைப் பெயராகக் கொள்ளாத நாடு குறைவு. 1699இல் குரு கோவிந்த் சிங் கால்சா அமைப்பைத் தோற்றுவித்தபோது சீக்கிய ஆண்களுக்கெல்லாம் சிங் என்பதைப் பொதுப்பெயராக்கினார். இலத்தீனில் லியோ, ஹீப்ருவில் ஆரியே, அரபியில் அசத், ஹைதர் எல்லாம் அதே பொருள் தருபவை. ஹைதர் அலி என்ற பெயரிலும் ஒரு சிங்கம் இருக்கிறது.

கேள்வி: திப்பு சுல்தானின் பெயர் எங்கள் ஊரிலிருந்து போனது என்று பெரியவர்கள் சொல்கிறார்கள். உண்மையா?
– ஆற்காடு வாசகர்

பதில்: உண்மையே. ஆற்காட்டில் அடக்கமாகியிருக்கும் திப்பு மஸ்தான் அவுலியா என்ற இறைநேசரின் தர்காவில் வேண்டிக்கொண்ட பிறகு பிறந்த பிள்ளை என்பதால், ஹைதர் அலியும் அவர் மனைவி பாத்திமா பக்ருன்னிசாவும் அவர் பெயரையே மகனுக்கு வைத்தார்கள். ஃபத்தே அலி என்றும் அவருக்குப் பெயர் உண்டு. ஆனால் உலகம் அறிந்தது ஆற்காட்டுப் பெயரைத்தான். 1799இல் சீரங்கப்பட்டினத்தில் திப்பு வீழ்ந்தபின் அவருடைய மக்களையும் குடும்பத்தாரையும் ஆங்கிலேயர் கொண்டுவந்து வைத்தது வேலூர்க் கோட்டையில். 1806 ஜூலை 10 அன்று சிப்பாய்கள் கிளர்ந்தெழுந்தபோது அவர்கள் அங்கேதான் இருந்தார்கள்.

நேர்ந்துகொண்டு பெயர் வைப்பது மதம் கடந்த வழக்கம். நாகூர் ஆண்டவரை வேண்டிப் பெற்ற பிள்ளைக்கு நாகூர் மீரான், சாகுல் அமீது. திருமலையானை வேண்டிப் பெற்ற பிள்ளைக்கு ஏழுமலை, கோவிந்தம்மாள், அலமேலு. படவேட்டு அம்மனுக்கு நேர்ந்த பிள்ளைக்கு ரேணுகா. இவற்றில் அலமேலு என்பது அலர்மேல்மங்கை என்ற அழகான தமிழ்ப் பெயரின் சுருக்கம் என்பதைப் பலர் மறந்துவிட்டார்கள்.

கேள்வி: என் மகனின் பெயர் அப்துல் ரகுமான். பள்ளியில் எல்லோரும் அப்துல் என்றே அழைக்கிறார்கள். திருத்தவேண்டுமா?
– மேல்விஷாரம், ஒரு தாய்

பதில்: திருத்துவது நல்லது. 'அப்து' என்றால் அடியான். 'அல்' என்பது அடுத்த சொல்லோடு ஒட்டிவரும் முன்னடை. ஆகவே அப்துல் என்று நிறுத்தினால் பெயர் பாதியில் நின்றுவிடுகிறது. யாருடைய அடியான் என்பது சொல்லப்படவில்லை. ரகுமான் என்றால் அளவற்ற அருளாளன். அது இறைவனுக்கே உரிய திருநாமம் என்பதால், மனிதரை அதை மட்டும் சொல்லி அழைப்பதையும் மார்க்க அறிஞர்கள் பலர் விரும்புவதில்லை. முழுப்பெயரையும் சொல்வதே சரி. அரபியில் அது 'அப்துர் ரஹ்மான்' என்று ஒலிக்கும்.

ஆசிரியர்களுக்கு விளக்க ஓர் எளிய வழி உண்டு. சிவதாசன், இயேசுதாசன் என்ற பெயர்களில் தாசன் என்பதை மட்டும் சொல்லி யாரையும் அழைப்பதில்லை அல்லவா? ஹீப்ருவின் ஒபதியா, ஜெர்மானியரின் கோட்ஷால்க், எத்தியோப்பியரின் கெப்ரெசெலாசி ஆகிய பெயர்களும் இறைவனின் அடியான் என்ற இதே பொருளில் அமைந்தவை. கடைசியாகச் சொன்ன பெயருக்குத் திரித்துவத்தின் அடியான் என்று பொருள்.

கேள்வி: லாசர் என்பவரும் தேவசகாயம் என்பவரும் எங்கள் சபையில் அண்ணன் தம்பிகளாக இருக்கிறார்கள். இரண்டும் ஒரே பெயர் என்று போதகர் சொன்னார். எப்படி?
– வேலூர் வாசகர்

பதில்: எலெயாசர் என்ற ஹீப்ருப் பெயருக்கு 'கடவுள் உதவினார்' என்று பொருள். அது கிரேக்கத்தில் லாசரோஸ் ஆகி, தமிழில் லாசர் ஆயிற்று. அதன் பொருளைத் தமிழ்நாட்டு வழக்கில் பெயர்த்தபோது தேவசகாயம் ஆயிற்று. திருவிதாங்கூரில் மறைசாட்சியாக உயிர்நீத்த தேவசகாயம் பிள்ளைக்குத் திருமுழுக்கின்போது இட்ட பெயர் இதுவே. அவர் 2022 மே 15 அன்று புனிதராக அறிவிக்கப்பட்டார். ஆகவே ஒலியைக் கொண்டுவந்த பெயர் அண்ணனுக்கும், பொருளைக் கொண்டுவந்த பெயர் தம்பிக்கும் வாய்த்திருக்கின்றன. காட்பாடி வாசகரின் ஊர்ப்பக்கம் மார்க்கசகாயம் என்ற பெயர் வழங்குவதையும் இதோடு சேர்த்துப் பாருங்கள். இரு சமயத்தாரும் ஒரே சொல்லைக் கொண்டே துணை வேண்டியிருக்கிறார்கள்.

ஒலி மாறிக்கொண்டே போவதற்கு யோவான் என்ற பெயர் நல்ல சான்று. 'கடவுள் அருளினார்' என்று பொருள்படும் யோகனான், ஆங்கிலத்தில் ஜான், பிரெஞ்சில் ழான், இத்தாலியத்தில் ஜொவான்னி, ரஷ்யத்தில் இவான், ஸ்பானியத்தில் ஹுவான், அயர்லாந்தில் ஷான் என்றெல்லாம் உருமாறியிருக்கிறது.

கேள்வி: எங்கள் ஊரில் தருமன், அர்ச்சுனன், சகாதேவன், திரௌபதி என்ற பெயர்கள் மிகுதி. வடநாட்டு நண்பர் ஒருவர், திரௌபதி பட்ட துன்பத்துக்காக அப்பெயரை வைக்க அஞ்சுவார்கள் என்றார். நாம் ஏன் வைக்கிறோம்?
– செய்யாறு வாசகி

பதில்: நமக்கு அவர் காவியத்துப் பாத்திரம் மட்டுமல்லர், ஊர்த்தெய்வம். வட ஆர்க்காட்டிலும் தென்னார்க்காட்டிலும் திரௌபதி அம்மன் கோயில் இல்லாத பெரிய ஊரைத் தேடித்தான் பார்க்க வேண்டும். பங்குனி தொடங்கி வைகாசி, ஆனி வரை அக்கினி வசந்த விழா. பகலில் பாரதப் பிரசங்கம், இரவில் கூத்து. அர்ச்சுனன் தபசு மரத்தில் ஏறி மேலிருந்து வீசும் எலுமிச்சைக்காகவும் வில்வ இலைக்காகவும் பிள்ளைப்பேறு வேண்டும் பெண்கள் மடியேந்தி நிற்பார்கள். அவ்வாறு வேண்டிப் பிறந்த பிள்ளைக்கு அர்ச்சுனன் என்று பெயர் வைக்காமல் வேறென்ன வைப்பார்கள்? கடைசி நாளில் படுகளத்தில் துரியோதனன் வீழ்ந்து, திரௌபதி கூந்தல் முடித்து, ஊரே தீ மிதிக்கும். அவர் பட்ட துன்பத்தோடு கதையை நிறுத்தாமல் கூந்தல் முடித்த வெற்றி வரை ஆண்டுதோறும் கண்ணால் பார்த்தவர்கள் அப்பெயருக்கு அஞ்சுவதில்லை.

கேள்வி: கிழமையைப் பெயராக வைக்கும் நாடு உண்டா?
– திருப்பத்தூர், பள்ளி மாணவர்

பதில்: உண்டு. கானா நாட்டின் அகான் மக்கள் பிள்ளை பிறந்த கிழமையையே முதற்பெயராக வைக்கிறார்கள். கோஃபி என்றால் வெள்ளிக்கிழமை பிறந்த ஆண். குவாமே என்றால் சனிக்கிழமை. ஐ.நா. பொதுச்செயலாளராக இருந்த கோஃபி அன்னான் 1938 ஏப்ரல் 8, வெள்ளிக்கிழமை பிறந்தவர். அன்னான் என்பது நான்காவது பிள்ளை என்று பொருள்படும். நாம் கிழமையை விட்டு நட்சத்திரத்தைப் பிடித்துக்கொண்டோம்: ரோகிணி, ரேவதி, பரணி, ஆதிரை.

கேள்வி: மேற்படிப்புக்காக வெளிநாடு செல்லவிருக்கிறேன். விண்ணப்பங்களில் குடும்பப்பெயர் என்ன என்று கேட்கிறார்கள். எனக்கு இருப்பதெல்லாம் ஓர் இனிஷியல். நாம் மட்டும்தான் இப்படி இருக்கிறோமா?
– ஆம்பூர் வாசகி

பதில்: நாம் மட்டும் இல்லை. ஐஸ்லாந்தில் ஜோன் என்பவரின் மகன் ஜோன்சன், மகள் ஜோன்ஸ்டோட்டிர். தந்தையின் பெயர்தான் பின்னால் வரும், குடும்பப்பெயர் கிடையாது. அங்கே தொலைபேசிப் புத்தகத்தையே சொந்தப்பெயரின் அகரவரிசையில்தான் தொகுத்தார்கள். எத்தியோப்பியாவிலும் தன் பெயர், அடுத்துத் தந்தை பெயர், அவ்வளவே. பர்மாவில் அதுவும் இல்லை. ஆங் சான் சூச்சி என்ற பெயரில் ஆங் சான் தந்தையிடமிருந்தும், சூ பாட்டியிடமிருந்தும், சி தாயிடமிருந்தும் வந்தவை. குடும்பப்பெயர் பழையது என்று எண்ணுகிற பல நாடுகளில் அது அரசாணையால் வந்ததே. ஜப்பானில் பொதுமக்கள் அனைவரும் குடும்பப்பெயர் வைத்தே தீரவேண்டும் என்று 1875இல் ஆணை பிறந்தது. துருக்கியில் 1934இல் சட்டம் வந்தது. முஸ்தபா கெமாலுக்கு அத்தாதுர்க் என்ற பெயர் கிடைத்தது அப்போதுதான்.

நம் நாட்டின் பிற பகுதிகளில் குடும்பப்பெயரின் இடத்தில் பெரும்பாலும் சாதிப்பெயர் நிற்கிறது. அதைத் துறக்க வேண்டும் என்று 1929இல் செங்கற்பட்டில் கூடிய சுயமரியாதை மாநாடு தீர்மானித்தது. தமிழ்நாடு பெருமளவு அதைப் பின்பற்றியது. ஆகவே விண்ணப்பத்தில் அந்தக் கட்டம் காலியாக இருப்பதற்காகத் தாங்கள் வருந்த வேண்டியதில்லை. ஆனால் கட்டத்தை நிரப்பாமல் விட்டால் தொல்லை வரும். அமெரிக்க விசாவில் முதற்பெயர் தெரியாதவர் என்பதைக் குறிக்கும் எஃப்.என்.யு. என்ற மூன்றெழுத்து வந்து விழும். ஐக்கிய அரபு நாடுகள் 2022 நவம்பரில், கடவுச்சீட்டில் ஒற்றைப் பெயர் மட்டும் உள்ளவர்களைச் சுற்றுலா விசாவில் அனுமதிப்பதில்லை என்று அறிவித்தன. எனவே இனிஷியலை விரித்துத் தந்தையின் பெயரையோ தாயின் பெயரையோ குடும்பப்பெயர்க் கட்டத்தில் எழுதிக் கடவுச்சீட்டு எடுங்கள். ஆதார், மதிப்பெண் சான்றிதழ், வங்கிக் கணக்கு எல்லாவற்றிலும் ஒரே எழுத்துக்கோவை இருக்கட்டும். ஓர் எழுத்து மாறினாலும் ஒவ்வோர் அலுவலகத்திலும் விளக்கம் சொல்ல நேரும். திருமணத்துக்குப் பிறகு இனிஷியலை மாற்றவேண்டும் என்ற சட்டமும் இல்லை. படித்துப் பட்டம் வாங்கிய பெயரையே வைத்துக்கொள்ளலாம்.

கேள்வி: குழந்தை பிறந்து நான்கு மாதங்கள் ஆகின்றன. பெயர் முடிவாகாததால் பிறப்புச் சான்றிதழில் பெயரில்லாமல் வாங்கிவிட்டோம். எத்தனை நாள் அவகாசம் உண்டு?
– வாணியம்பாடி வாசகர்

பதில்: பிறப்பைப் பதிவு செய்த நாளிலிருந்து 12 மாதங்களுக்குள் கட்டணமின்றிப் பெயரைச் சேர்க்கலாம், அதன்பின் 15 ஆண்டுகள் வரை தாமதக் கட்டணம் செலுத்திச் சேர்க்கலாம். பிறப்பு எங்கே பதிவாயிற்றோ அந்த உள்ளாட்சி அலுவலகத்துக்கே செல்ல வேண்டும். போகும்போது பெயரைத் தமிழிலும் ஆங்கிலத்திலும் ஒரு தாளில் தெளிவாக எழுதிக்கொண்டு போங்கள். கணினியில் ஏற்றியவுடன் திரையைப் பார்த்து எழுத்துக்கூட்டிச் சரிபாருங்கள். ஒருமுறை ஏறிவிட்ட பெயரைத் திருத்துவது, புதிதாகச் சேர்ப்பதைவிடக் கடினம்.